வெட்டும் கையும் கேட்கும் செவியும்

கொல்லிமலையின் மார்கழிப் பனிமூட்டத்தை அறிந்தவர்களுக்கு நாம் சொல்லப்போவது புதிதன்று. காலைத் திருப்பலிக்கு முன் ஆலய வாசலில் நின்றால், பத்தடிக்கு அப்பால் எதுவும் தெரியாது. மிளகுக்கொடி சுற்றிய சில்வர் ஓக் மரங்கள் வெள்ளைக்குள் கரைந்துபோயிருக்கும். ஆயினும் அடிவாரத்துக் காரவள்ளியிலிருந்து எழுபது கொண்டை ஊசி வளைவுகளையும் ஏறி வருகின்ற முதல் பேருந்தை நாம் நெடுநேரத்துக்கு முன்பே அறிந்துவிடுவோம். ஒவ்வொரு வளைவிலும் ஓட்டுநர் ஒலிப்பானை அழுத்துவார். ஒலி ஒருமுறை இடப்புறமிருந்தும் மறுமுறை வலப்புறமிருந்தும் வரும். பேருந்து கண்ணுக்குத் தெரிவதற்குள் அதில் வருபவர்களுக்காகத் தேநீர்க் கடையில் அடுப்பு பற்றவைக்கப்பட்டுவிடும்.

சென்ற ஆண்டு அப்படி ஒரு காலையில் நம்மருகே நின்றிருந்த இளைஞன் ஒருவன், "படத்தொகுப்பிலும் இதைத்தான் சாமி செய்யறோம். அடுத்த காட்சி வர்றதுக்கு முன்னாடியே அதோட சத்தத்தைக் கொண்டாந்து விட்டுருவோம். பாக்கறவங்களுக்குத் தெரியாது, ஆனா மனசு தயாராயிரும்" என்றான். நம் பங்கின் கிளைக் கிராமம் ஒன்றில் உபதேசியாராயிருந்து மறைந்த பெரியவரின் பேரன் அவன். இப்போது சென்னையில் படத்தொகுப்பு உதவியாளனாகப் பணிபுரிகிறான். அவனைப் பற்றி எழுதினால் நம்மைப் பற்றியும் எழுத வேண்டியிருக்கும் என்பதால் இக்கட்டுரையைப் பல மாதங்கள் தள்ளிப்போட்டோம்.

அவன் பன்னிரண்டாம் வகுப்பு முடித்திருந்த சமயம். அவனுடைய தகப்பனார் ஒரு மாலை பங்கு இல்லத்துக்கு வந்தார். பின்னால் அவனும் நின்றான். "பையன் சினிமாக்காரனாப் போறேங்கறான் சாமி. நீங்க ஒரு வார்த்தை சொன்னாக் கேட்டுக்குவான்" என்றார். அந்த மனிதரின் அச்சத்தில் நியாயம் இல்லாமலில்லை. அரை ஏக்கர் மிளகு, கொஞ்சம் மரவள்ளி, இரண்டு பலாமரம். இவற்றைக் கொண்டு மூன்று பிள்ளைகளை வளர்ப்பவர். நாம் பையனைப் பார்த்து, "என்ன தம்பி?" என்றோம். "எனக்குச் சத்தம் படிக்கணும் சாமி" என்றான் அவன்.

இப்போது எண்ணிப் பார்த்தால் தகப்பனார் சொன்னது 'சினிமா' என்ற சொல்லை. மகன் சொன்னது 'சத்தம்' என்ற சொல்லை. நம் காதில் விழுந்தது முதற்சொல் மட்டுமே. அதன்மேல் நாம் அரைமணி நேரம் அறிவுரை வழங்கினோம். ஆசிரியர் பயிற்சி, செவிலியர் படிப்பு, கூட்டுறவுப் பட்டயம் என்றெல்லாம் சொன்னோம். திரைப்படத் துறையில் பிழைப்பு நிலையில்லை, ஒழுக்கம் கெடும், ஊர் திரும்ப முகமிராது என்றும் சொன்னோம். பையன் குனிந்த தலை நிமிராமல் கேட்டான். ஆசீர் பெற்றுச் சென்றான்.

இத்தனைக்கும் நாம் ஒன்றும் அறியாதவரல்லோம். 1936இல் திருத்தந்தை பதினோராம் பத்திநாதர் திரைப்படம் குறித்து எழுதிய சுற்றுமடலின் எச்சரிக்கைக் குரலையும், 1963 டிசம்பரில் இரண்டாம் வத்திக்கான் சங்கம் சமூகத் தொடர்புச் சாதனங்கள் பற்றி வெளியிட்ட ஆணையின் வரவேற்புக் குரலையும் குருமடத்தில் ஒப்பிட்டுத் தேர்வெழுதியவர்தாம். 1995இல், திரைப்படம் தோன்றி நூறாண்டு நிறைந்தபோது, வத்திக்கானிலிருந்து 45 படங்களின் பட்டியல் ஒன்று வெளியானதும் நமக்குத் தெரியும். தேர்வுத்தாளில் எழுதியது வாழ்வில் ஒரு பையன் எதிரே நின்றபோது நினைவுக்கு வரவில்லை. நமக்குள் பேசியது 1936ஆம் ஆண்டின் பாதி மட்டுமே.

ஆசிரியர் பயிற்சிக்குக் கட்டப் பணமில்லை. பையன் திருச்செங்கோட்டுப் பக்கத்து ஆழ்துளைக் கிணறு தோண்டும் ரிக் வண்டியில் வேலைக்குச் சேர்ந்தான். நாமக்கல் மாவட்டத்தாருக்கு இது விளக்கம் வேண்டாத செய்தி. நம் பகுதி வண்டிகள் மத்தியப் பிரதேசம், சத்தீஸ்கர் என்று நாடெங்கும் சென்று துளையிடுகின்றன. இரவும் பகலும் காற்றழுத்தப் பொறியின் இரைச்சல். பாறையைக் குத்தும் சம்மட்டியின் அதிர்வு. இரண்டரை ஆண்டுகள் அதில் இருந்தான். வீட்டுக்குப் பணம் அனுப்பினான். அக்காளின் திருமணம் நடந்தது. நாமே மந்திரித்தோம். 'நல்ல பிள்ளை' என்று மறையுரையில் அவனைக் குறிப்பாகப் பாராட்டியும் பேசினோம்.

பிறகு அவன் சேமித்த சிறு தொகையுடன் சென்னைக்குப் போய்விட்டான் என்று கேள்விப்பட்டோம். இம்முறை நம்மிடம் யாரும் யோசனை கேட்கவில்லை.

அவன் போன பின்புதான் இத்தொழில் என்னவென்று அறியும் ஆவல் நமக்குப் பிறந்தது. குற்றவுணர்வு என்று அப்போது அதற்குப் பெயரிடவில்லை. படிக்கப் படிக்க நமக்கு வியப்பளித்த முதற்செய்தி இது: நம் தலைமுறைக் கத்தோலிக்கர் பெயரைக் கேட்டவுடனேயே நெகிழ்கின்ற 'பாவமன்னிப்பு' (1961) படத்தை இயக்கிய ஏ. பீம்சிங் ஒரு படத்தொகுப்பாளராக வளர்ந்தவர். கிருஷ்ணன் பஞ்சு இரட்டையரிடம் தொகுப்பறையில் உதவியாளராயிருந்து தொழில் கற்றவர். இந்துவாகப் பிறந்த பிள்ளை இசுலாமியர் இல்லத்திலும், மற்றொரு பிள்ளை கிறிஸ்தவர் இல்லத்திலும் வளரும் அந்தக் கதையில் எத்தனை இல்லங்கள், எத்தனை பிரிவுகள்! அவை கலையாமல் நம் நெஞ்சில் ஒரே கதையாய் நிற்பது வெட்டி ஒட்டத் தெரிந்த கையின் வேலை என்பது நமக்கு அதுவரை தோன்றியதேயில்லை.

அவருடைய மகன் பி. லெனின். (பாவமன்னிப்பு எடுத்தவர் தம் மகனுக்கு இட்ட பெயரைப் பாருங்கள்!) தந்தையின் தொழிலின் முதற்பாதியைத் தம் முழுவாழ்வாக ஏற்றவர் இவர். மகேந்திரனின் 'உதிரிப்பூக்கள்' (1979) இவர் தொகுத்தது. அப்படத்தின் இறுதியில் ஆற்றங்கரையில் ஊர் நிற்கிறது. இரு சிறு பிள்ளைகள் நிற்கிறார்கள். அங்கே வசனத்துக்கும் அழுகைக்கும் எவ்வளவோ இடமிருந்தது. ஆனால் பார்ப்பவர் தாமே நிரப்பிக்கொள்ளும்படி இடம் விடப்பட்டிருக்கிறது. அண்மையில் அதை மீண்டும் பார்த்தபோது, ஆண்டவருடைய பாடுகளின் வரலாற்றை நற்செய்தியாளர்கள் எழுதிய விதம் நினைவுக்கு வந்தது. அவர்களும் அடைமொழிகளை வெட்டியெறிந்தவர்களே. பெரிய வெள்ளியன்று நாம்தாம் அவற்றைத் திரும்ப ஒட்டுகிறோம்.

வி.டி. விஜயனுடன் இணைந்து லெனின் தொகுத்தவற்றுள் 'நாயகன்' (1987) உண்டு. 'காதலன்' படத்துக்காக 1994ஆம் ஆண்டின் தேசிய விருது இருவருக்கும் கிடைத்தது. அதே படத்துக்கு, அதே ஆண்டில், ஒலிப்பதிவுக்கான விருது ஏ.எஸ். லட்சுமி நாராயணனுக்கும் வி.எஸ். மூர்த்திக்கும் கிடைத்தது. அப்படத்தின் சில பாடல்காட்சிகள் பற்றி நமக்கு வேறு கருத்துண்டு; அது நிற்க. தொகுப்பும் ஒலியும் ஒரே மேசையிலிருந்து எழுந்தவை போல ஒருசேர மதிக்கப்பட்டது நம் கவனத்தில் தைத்தது. லெனின் பின்னர் ஜெயகாந்தனின் 'ஊருக்கு நூறுபேர்' கதையைத் தாமே இயக்கி, 2001ஆம் ஆண்டின் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதையும் பெற்றார். பிறர் எடுத்த காட்சிகளை நெடுங்காலம் வெட்டிச் செப்பனிட்ட கை, தனக்கென்று எடுத்தது வணிகப் படத்தை அன்று.

அந்நாளைய தொகுப்பறையைச் சற்றே கற்பனை செய்து பாருங்கள். முப்பத்தைந்து மில்லிமீட்டர் படச்சுருளில் ஒரு நொடிக்கு 24 சட்டகங்கள். ஓர் அடிக்கு 16. இரண்டரை மணி நேரப் படமென்றால் 13,500 அடி, இரண்டு இலட்சத்துப் பதினாறாயிரம் சட்டகங்கள். எடுக்கப்பட்டதோ இதைப்போல் பன்மடங்கு. மெழுகுப் பென்சிலால் குறியிட்டு, வெட்டி, ஒட்டி, மிஞ்சிய துண்டுகளை ஆணிகளில் தொங்கவிட்டு வைப்பார்கள். இன்று வேண்டாமென்று வெட்டியது நாளை வேண்டியிருக்கலாம் என்பதால் எதையும் எறிவதில்லை. ஒலி தனிச் சுருளில் இருக்கும். இரண்டையும் இணைத்து ஓட்டி, உதட்டசைவும் சொல்லும் ஒரு சட்டகம் கூடப் பிசகாமல் பார்த்துக்கொள்வது உதவியாளரின் வேலை.

இதில் நம்மை நெடுநேரம் சிந்திக்க வைத்த நுட்பம் ஒன்றுண்டு. திரையிடுவதற்கான படச்சுருளில் ஓரமாக ஒலிக்கீற்று அச்சாகியிருக்கும். ஆனால் அது தனக்குரிய படத்துக்கு நேராக இருப்பதில்லை. ஏறத்தாழ இருபது சட்டகங்கள் முன்னால் இருக்கும். படம் ஒளிபெறும் இடமும் ஒலி படிக்கப்படும் இடமும் கருவிக்குள் சற்றுத் தள்ளித் தள்ளி அமைந்திருப்பதே காரணம். அரங்கில் இரண்டும் சேர்ந்தே வருகின்றன. சுருளில் மட்டும் ஒலி முந்திக்கொண்டு நிற்கிறது. நம் காரவள்ளிப் பேருந்தைப் போல.

ஒரே மனிதர் இவ்விரண்டிலும் தேர்ந்தவராவது அரிது. அமெரிக்கரான வால்டர் மர்ச் அப்படி ஒருவர். 'தி இங்கிலீஷ் பேஷண்ட்' படத்துக்காக 1997இல் படத்தொகுப்புக்கும் ஒலிக்குமாக இரண்டு ஆஸ்கார் விருதுகளை ஒரே மேடையில் பெற்றவர். எங்கே வெட்டுவது என்பதற்கு அவர் கூறும் ஆறு அளவுகோல்களில் முதலாவது உணர்ச்சி. அதற்கு மட்டுமே நூற்றுக்கு 51 பங்கு தருகிறார். மற்ற ஐந்தும் மீதியைப் பகிர்ந்துகொள்ள வேண்டியதுதான்.

அவர் தொகுப்பும் ஒலியும் செய்த படம் ஒன்றை, தம்பி ஒருவர் கொடுத்துதவியதால், நம் மடிக்கணினியில் ஓர் இரவு பார்த்தோம். கொப்போலா இயக்கிய 'தி கான்வர்சேஷன்'. 1974இல் கான் திரைப்பட விழாவின் உயரிய பரிசைப் பெற்றது. பிறர் பேச்சை மறைவாகப் பதிவுசெய்து விற்கும் ஒருவனின் கதை. அவன் கத்தோலிக்கன், பாவசங்கீர்த்தனத் தொட்டியில் மண்டியிட்டு, செய்தித்தாளைக் காசு கொடாமல் எடுத்த பாவம் முதல் தன் தொழிலால் பிறருக்கு விளைந்த தீங்குவரை சொல்கிறான். பூங்காவில் உலாவும் ஓர் ஆணும் பெண்ணும் பேசியதைப் பல ஒலிவாங்கிகளால் பிடித்து, இரைச்சலை நீக்கி நீக்கி, ஒரு வாக்கியத்தை மீட்கிறான். அவ்விருவரும் ஆபத்தில் இருக்கிறார்கள் என்று எண்ணுகிறான். கடைசியில்தான் தெரிகிறது: அவ்வாக்கியத்தில் அழுத்தம் விழுந்த சொல் வேறு, ஆபத்து அவர்களுக்கன்று, அவர்களால்தான். ஒரு சொல்லின் அழுத்தம் மாறிக் கேட்டதால் எல்லாம் தலைகீழாகிறது. தன்னையே யாரோ ஒட்டுக்கேட்கிறார்கள் என்ற கலக்கத்தில் அவன் வீட்டையெல்லாம் பிளந்து தேடி, இறுதியில் தேவமாதாவின் சுரூபத்தையும் உடைக்கிறான். அவ்விடத்தில் நாம் எழுந்து விளக்கைப் போட்டுவிட்டோம்.

'சத்தம் படிக்கணும்' என்ற குரல் அப்போதுதான் நமக்கு முதன்முறையாகக் கேட்டது எனலாம். பையன் சொல்லி நான்கு ஆண்டுகள் கழித்து.

சாமுவேலின் வரலாறு நினைவுக்கு வந்தது. சிறுவன் சாமுவேலை ஆண்டவர் இரவில் அழைக்கிறார். அவன் குருவாகிய ஏலியிடம் ஓடுகிறான். ஏலியோ இருமுறை அவனைத் திரும்பிப்போய்ப் படுக்கச் சொல்கிறார். மூன்றாம் முறைதான் அந்தக் கிழவருக்குப் புரிகிறது. இப்பகுதியை வைத்து இறையழைத்தல் ஞாயிறுகளில் நாம் ஆற்றிய மறையுரைகள் பல. எல்லாவற்றிலும் சாமுவேலே நாயகன். அந்த முதல் இரண்டு முறைகளைப் பற்றி நாம் பேசியதில்லை. ஏலி எரிச்சலில் சொல்லவில்லை. தீய எண்ணத்தில் சொல்லவில்லை. அக்கறையோடுதான் பிள்ளையை மறுபடி தூங்கப் போகச் சொன்னார்.

சென்ற ஆண்டுக்கு வருவோம். அவனுடைய கிராமத்துச் சிற்றாலயத் திருவிழாவைப் படமெடுத்துத் தருவதாகச் சொல்லி ஒரு கேமராவுடனும் சிறிய ஒலிப்பதிவுக் கருவியுடனும் வந்திருந்தான். மூன்று நாள் ஊரெல்லாம் சுற்றினான். திருவிழா முடிந்த வாரமே, தன் மடிக்கணினியில் தொகுத்து, பங்கு இல்லத்தில் வைத்துக் காட்டினான். நாற்பது நிமிடம் ஓடிய நம் மறையுரை மூன்றே நிமிடமாகியிருந்தது. நாம் சிரித்துக்கொண்டே, "மீதி எங்கே தம்பி?" என்றோம். "இருக்குதுங்க சாமி, தூக்கிப் போடல" என்றான். உவமைகளும் மேற்கோள்களும் போயிருந்தன. அவன் தாத்தாவாகிய உபதேசியாரின் பெயரைச் சொல்லவந்து, தொண்டை அடைத்து, நாம் பேச்சற்று நின்ற நான்கைந்து நொடிகள் மட்டும் வெட்டப்படாமல் முழுமையாக இருந்தன. அந்த அமைதியின்மேல், அடுத்த காட்சியில் வரவிருந்த பறையொலி மெல்லக் கேட்கத் தொடங்கியது. தேர்ந்த குரு ஒருவர் நமக்கு மறையுரை எழுதித் தந்திருந்தாலும் இவ்வளவு செம்மையாய் அமைந்திராது.

"ஒலிப்பதிவாளனாகத்தானே போக நினைத்தாய்? தொகுப்புக்கு எப்படி மாறினாய்?" என்று கேட்டோம், பேச்சுக்காக.

அவன் உடனே விடை சொல்லவில்லை. பிறகு, "எடது காது சரியில்லீங்க சாமி. ரிக் வண்டியில கம்ப்ரசர் அந்தப் பக்கந்தான் இருக்கும். மேல்சுருதியெல்லாம் கேக்காது. சென்னையில ஒரு ஸ்டுடியோவுல சேர்றப்ப டெஸ்ட் எடுத்தாங்க. மிக்சிங் பண்றதுக்கு ரெண்டு காதும் வேணும். அதான் எடிட்டிங் பக்கம் வந்துட்டேன். அதுவும் புடிச்சுப் போச்சு" என்றான்.

தொடர்ந்த பேரிரைச்சல் முதலில் தின்பது உயர்ந்த சுருதிகளையே என்று மருத்துவர் சொல்லிப் பின்னர் அறிந்தோம். சில்வண்டின் குரல், பறவைகளின் மெல்லிய கீச்சு, 'ச', 'ஸ' போன்ற ஒலிகளின் கூர்மை. பேச்சு கேட்கும்; அதன் விளிம்புகள் மழுங்கிப்போகும். போனது திரும்புவதில்லை.

இதை எழுதும்போது நம்மைக் காத்துக்கொள்ளும் வாதங்கள் வரிசையாக வந்து நிற்கின்றன. ரிக் வண்டிக்குப் போகச் சொன்னது நாமல்ல. குடும்பத்தின் வறுமைக்கு நாம் காரணரல்லோம். நாம் அன்று 'போ' என்றிருந்தாலும் தகப்பனார் அனுப்பியிருக்கமாட்டார். எல்லாம் உண்மையாக இருக்கலாம். ஒழுக்கவியல் வகுப்பில் இவற்றுக்கெல்லாம் தனித்தனிப் பெயர்கள் உண்டு. நாமும் அவற்றைக் கற்பித்திருக்கிறோம். ஆனால் அவன் சொன்ன ஒரு சொல்லை நாம் கேட்டிருந்தால், 'சத்தம் என்றால் என்ன தம்பி?' என்று ஒரேயொரு கேள்வியைத் திருப்பிக் கேட்டிருந்தால்? மறைந்த திருத்தந்தை பிரான்சிஸ் 2022ஆம் ஆண்டின் சமூகத் தொடர்பு நாளுக்கு இதயத்தின் செவியால் கேட்பதையே பொருளாகக் கொண்டார். அச்செய்தியை நாம் பங்கில் வாசித்து விளக்கினோம். அந்த ஞாயிறன்று அவன் எந்த மாநிலத்தில் எந்தக் கிணற்றடியில் நின்றானோ!

"உன்னிடம் நாம் மன்னிப்புக் கேட்க வேண்டும் தம்பி" என்றோம். முப்பதாண்டுகளாகப் பாவமன்னிப்பு வழங்கிப் பழகிய நாவுக்கு அச்சொற்களை அந்தப் பக்கத்திலிருந்து சொல்வது எளிதாயில்லை.

"அன்னிக்கு எனக்குக் கோவமாத்தாங்க சாமி இருந்துச்சு" என்றான்.

"இப்போது?"

சற்று யோசித்தான். "இப்பவும் சில நாள் இருக்கும் சாமி. இன்னிக்கு இல்ல."

அதற்குமேல் இருவரும் அதைப் பற்றிப் பேசவில்லை.

மறுநாள் அவன் புறப்படவேண்டும். விடியற்காலையில் மீண்டும் சிற்றாலயத்துக்குப் போகவேண்டும் என்றான். நம் வண்டியிலேயே அழைத்துச் சென்றோம். உள்ளே நாலைந்து பெண்கள் செபமாலைக்காக வந்து அமர்ந்திருந்தார்கள். அவன் கருவியை நடுவில் வைத்து, "ஒரு நிமிசம் யாரும் பேசாம, அசையாம இருக்கணுங்க" என்று கேட்டுக்கொண்டான். நாமும் அசையாமல் நின்றோம். ஒன்றுமில்லாததை எதற்குப் பதிவுசெய்கிறான் என்று புரியவில்லை.

முடிந்தபின் விளக்கினான். ஒவ்வோர் இடத்துக்கும் தனக்கே உரிய அமைதி உண்டு. பேச்சை வெட்டி ஒட்டும்போது நடுவில் வெறுமை விழுந்தால் காது திடுக்கிடும். அந்த இடத்தில் அவ்விடத்தின் அமைதியையே வைத்துத் தைப்பார்களாம். எந்தப் படப்பிடிப்பிலும் ஒலிப்பதிவாளர் இப்படி ஒரு சிறிது நேரம் எல்லாரையும் நிறுத்திவைத்துப் பதிவுசெய்துகொள்வது வழக்கமாம். "சாமி நிக்கறப்ப வர்ற அமைதி வேற, நிக்காதப்ப வர்றது வேறங்க. ஆள் இருக்கற எடம் சத்தத்துல தெரியும்" என்றான்.

தலைக்கருவியை நம் காதுகளில் மாட்டிவிட்டான். முதலில் ஒன்றும் கேட்கவில்லை. பிறகு தகரக்கூரையின் விளிம்பிலிருந்து பனி சொட்டுவது கேட்டது. ஒரு மூதாட்டியின் விரலில் செபமாலை மணி நகர்வது கேட்டது. சீராக, சற்றே கனமாக ஒரு மூச்சு. அது நம்முடையதே என்று அறியச் சிறிது நேரமாயிற்று. மிகத் தொலைவில், ஏதோ ஒரு வளைவில், பேருந்தின் ஒலிப்பான். அது வந்தால் அவன் கிளம்பிவிடுவான்.

கழற்றிக் கொடுத்தோம். அவன் அதை வாங்கி, வலப்பக்கத்தை மட்டும் காதில் வைத்துக்கொண்டு, மறுபடியும் முதலிலிருந்து ஓடவிட்டுக் கேட்கத் தொடங்கினான்.